என்றால் சரியல்ல

போன மாதம் அம்மா வீட்டுப் பரணை ஒழித்தபோது ஒரு பழைய துணிக்கடைப் பை கிடைத்தது. உள்ளே காலாவதியான சமையல் கேஸ் புத்தகம், சித்தப்பாவின் மண்டை எக்ஸ்ரே, அப்புறம் மூலையில் நூல் கோத்துக் கட்டிய சில தாள்கள். தாளின் தலைப்பில் "அ.சா.2" என்று இருந்தது. அரசுத் தரப்புச் சாட்சி எண் 2. அது நான்தான். மேல்முறையீட்டுக்கு உதவும் என்று யாரோ சொல்ல, மனு போட்டு வாங்கி வைத்த நகல். மேல்முறையீடும் செய்யவில்லை, நகலைப் பிரித்துப் படிக்கவும் இல்லை. பத்து வருஷத்துக்கு மேல் கரப்பான் முட்டைகளோடு பரணில் கிடந்திருக்கிறது.

சாட்சிக் கூண்டில் ஏறாதவர்களுக்கு ஒரு விஷயம் தெரிந்திருக்காது. நாம் பேசுவது பேசியபடி பதிவாவதில்லை. வக்கீல் கேட்பார், நாம் பதில் சொல்வோம், நீதிபதி இரண்டையும் சேர்த்து ஒரே வாக்கியமாக்கித் தட்டச்சருக்குச் சொல்வார். கேள்வி மறைந்துபோய், எல்லாவற்றையும் நாமே கோர்வையாகப் பேசியதுபோல் ஆகிவிடும். "நீங்க அந்த எடத்துலயே இல்லைனு சொல்றேன்" என்று வக்கீல் மிரட்டி, "இல்லீங்க, இருந்தேன்" என்று நாம் முனகினால், தாளில் இப்படி வரும்: "நான் சம்பவ இடத்தில் இல்லை என்றால் சரியல்ல." குறுக்கு விசாரணை மொத்தம் ஒன்றரைப் பக்கம். எண்ணிப் பார்த்தேன். அதில் 11 "என்றால் சரியல்ல."

2010 மே மாதம். அயனாவரத்தில் எங்கள் தெருவுக்கு மெட்ரோ வாட்டர் லாரி ஒருநாள் விட்டு ஒருநாள் வரும், அதுவும் எப்போது வரும் என்று சொல்ல முடியாது. தெருமுனையில் கறுப்புத் தொட்டி. அதன் முன்னால் குடங்களின் வரிசை. சென்னையில் அந்த வரிசைக்கு எழுதப்படாத சட்டதிட்டமெல்லாம் உண்டு. குடம் இருந்தால் ஆள் இருப்பதாக அர்த்தம், குடத்தை நகர்த்துவது ஆளைக் கழுத்தைப் பிடித்துத் தள்ளுவதற்குச் சமம். சித்தப்பா ஐ.சி.எஃப். ரயில் பெட்டித் தொழிற்சாலையில் வெல்டராக இருந்து ஓய்வு பெற்றவர். அப்பா நான் நான்காவது படிக்கும்போதே போய்விட்டார். பள்ளிக்கூட ஃபீஸிலிருந்து முதல் பைக்கின் முன்பணம் வரை எனக்குச் சித்தப்பாதான். அவர் அன்று இரவு ஒன்பதரை மணிக்கு யாருடைய குடத்தையோ நகர்த்திவிட்டார்.

எதிர்வரிசை வீட்டு அண்ணன் தம்பிகளின் குடம் அது. பெரியவன் வாசலில் கிடந்த ஜி.ஐ. பைப்பை எடுத்து சித்தப்பாவின் தலையில் போட்டான். நான் முதல் மாடியில் போனில் பேசிக்கொண்டிருந்தேன். சத்தம் கேட்டு எட்டிப் பார்த்தேன், பைப் இறங்குவதைப் பார்த்தேன், படியிறங்கி ஓடினேன். போவதற்குள் சித்தப்பா தரையில் கிடந்தார். 14 தையல், மண்டையோட்டில் விரிசல். அந்தப் பைப், அந்தக் கை, அந்த முகம் பற்றி எனக்கு அன்றும் சந்தேகமில்லை, இன்றும் இல்லை.

ஆட்டோவில் அரசு மருத்துவமனைக்குக் கொண்டுபோனோம். தலையடி, வெட்டு, விபத்து என்று யார் வந்தாலும் டூட்டி டாக்டர் விபத்துப் பதிவேட்டில் முதலில் ஒரு குறிப்பு எழுதுவார். ஏ.ஆர். காப்பி என்பார்கள். என்ன நடந்தது என்று அவர் கேட்க, "பக்கத்து வீட்டுக்காரன் பைப்பால அடிச்சிட்டான் டாக்டர்" என்றேன். அவர் தெரிந்த நபர் ஒருவர் இரும்புக் குழாயால் தாக்கியதாக எழுதி, 10.20 என்று நேரம் போட்டு, என்னை வெளியே போகச் சொன்னார்.

காவல் நிலையத்துக்குப் போனபோது மணி ஒன்று. ஸ்டேஷன் ரைட்டர் நல்ல மனிதர். டீ வாங்கிக் கொடுத்துத்தான் புகாரே எழுத ஆரம்பித்தார்.

"ஒருத்தன்தான் வந்தானா?"

"தம்பியும் இருந்தான் சார். கூட அவன் ஃப்ரெண்டு ஒருத்தன்."

"சும்மாவா நின்னானுங்க? அடிச்சானா, புடிச்சானா?"

நான் ஒரு நிமிடம் பேசாமல் இருந்தேன் என்று நினைக்கிறேன். அந்தத் தம்பிக்காரன் இரண்டு மாதம் முன்புதான் கேட்டை அடைத்து நிறுத்தியதாக என் புது பைக்கைக் காலால் உதைத்துத் தள்ளியிருந்தான். டேங்கில் விழுந்த நசுங்கல் அப்போதும் இருந்தது.

"புடிச்சான் சார்."

"எத?"

"கைய."

ரைட்டர் எழுதிக்கொண்டார். ஃப்ரெண்டுக்கு ஒரு உதை கிடைத்தது. அதாவது அவன் உதைத்ததாக. இந்திய தண்டனைச் சட்டம் 294(பி), 341, 307 (கொலை முயற்சி), 506(2), கூடவே 34. சென்னைத் தெருச்சண்டைப் புகார் எதை எடுத்தாலும் முதல் வரியில் எதிரி ஆபாசமாகத் திட்டியிருப்பான், கடைசி வரியில் "உன்னைக் கொல்லாமல் விடமாட்டேன்" என்று சொல்லிவிட்டுப் போயிருப்பான். இரண்டுக்கும் தனித்தனிப் பிரிவு இருக்கிறது, அதனால்தான். 34 என்பது பொதுவான உள்நோக்கம். அது ஒட்ட வேண்டுமானால் பக்கத்தில் நின்றவன் சும்மா நின்றிருக்கக்கூடாது, ஏதாவது செய்திருக்க வேண்டும். கையைப் பிடிப்பது அதற்கு மிகவும் தோதான செயல். காயம் உண்டாகாது, டாக்டர் மறுத்துச் சொல்ல முடியாது.

நான் பொய் சொன்னேன் என்று இப்போதும் எனக்குத் தோன்றவில்லை. "புடிச்சான்" என்று வாயிலிருந்து வந்த நொடியிலேயே அந்தக் காட்சி எனக்குத் தெரிந்தது. தெருவிளக்கின் மஞ்சள் வெளிச்சத்தில் ஒரு கை இன்னொரு கையை இறுக்கிப் பிடித்திருக்கிறது. விசாரணைக்கு வருவதற்குள் அதை நூறு பேரிடம் சொல்லியிருப்பேன். ஒவ்வொரு தடவையும் அந்தப் பிடி இன்னும் கொஞ்சம் இறுகியது.

சாட்சி சொன்னது 2013இல், அல்லிக்குளம் வளாகத்தில். மூர் மார்க்கெட் 1985இல் எரிந்த பிறகு அந்தக் கடைக்காரர்களுக்காகக் கட்டிய கட்டடம். கீழே வியாபாரம், மேலே நீதிமன்றங்கள். டவாலி பெயரைக் கூப்பிடும்வரை வராந்தாவில் நின்றிருந்தோம். நாங்கள் ஒரு சுவரோரம், அண்ணன் தம்பி எதிர்ச் சுவரோரம். குடத்துக்குப் பதில் ஆட்கள், மற்றபடி அதே வரிசை. அரசு வக்கீல் இரண்டு நிமிடம் ஒதுக்கிப் புத்தி சொன்னார்: "கடைசியில அவர் சொல்றேன், சொல்றேன்னு அடுக்குவார். எதச் சொன்னாலும் இல்லைனு சொல்லிடு. யோசிச்சா மாட்டிக்குவ."

எதிர்த்தரப்பு வக்கீல் குரலை உயர்த்தவே இல்லை. அதுதான் பயமாக இருந்தது.

"காயம்பட்டவர் உங்களுக்கு என்ன உறவு?"

"சித்தப்பா."

"படிக்க வச்சது?"

"அவர்தான்."

"அவருக்கு ஒண்ணுன்னா உங்களுக்குக் கோபம் வரும்?"

"யாருக்கும் வரும் சார்."

"ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனது நீங்கதான். டாக்டர்கிட்ட பேசினதும் நீங்கதான். ஒருத்தர் அடிச்சதா டாக்டர் எழுதியிருக்கார். மூணு பேர்னு நீங்க சொல்லலையா, டாக்டர் எழுதலையா?"

"பதட்டத்துல சொல்லாம விட்டிருப்பேன்."

அவர் லேசாகத் தலையை ஆட்டிவிட்டு அடுத்த கேள்விக்குப் போய்விட்டார். வெளியே வந்ததும் சமாளித்துவிட்டேன் என்று எனக்குப் பெருமை. உறவு என்பதைத் தவிர அந்த ஆளுக்கு வேறு பிடி கிடைக்கவில்லை என்று அம்மாவிடம் சொன்னேன்.

இன்னொருவரைப் பற்றியும் சொல்ல வேண்டும். தொட்டிக்கு நேரெதிரே மளிகைக் கடை வைத்திருந்த அண்ணாச்சி. எங்களுக்கும் உறவில்லை, அவர்களுக்கும் உறவில்லை, இரு வீட்டுக்கும் அவரிடம் கடன் நோட்டு உண்டு. சட்டப் புத்தகத்தில் வருகிற அப்பழுக்கற்ற சுதந்திர சாட்சி. சம்பவத்தன்று கல்லாவை விட்டு இறங்கி வந்து சித்தப்பாவின் தலைக்குத் துண்டு கட்டியதே அவர்தான். கூண்டில் ஏறி, கடையைச் சாத்திக்கொண்டிருந்தேன், சத்தம் கேட்டது, எதையும் பார்க்கவில்லை என்றார். பிறழ் சாட்சி என்று அறிவித்து அரசு வக்கீலே அவரைக் குறுக்கு விசாரணை செய்தார். அவரும் வரிசையாக "சரியல்ல" சொன்னார். அன்றைக்கு அவர்மேல் எனக்கு அவ்வளவு ஆத்திரம். ஆனால் அந்தத் தெருவில் கடை வைத்துப் பிழைக்க வேண்டியவர் யார், சாட்சி சொல்லிவிட்டு ஆபீஸுக்குப் போய்விடுகிறவன் யார் என்று அப்போது யோசிக்கவில்லை. குடம் பிடித்து நின்ற மற்ற ஜனங்களில் ஒருவர்கூட சாட்சிப் பட்டியலிலேயே வரவில்லை. பிரச்சினையில் சம்பந்தமில்லாதவனுக்கு நீதிமன்றம் வரவேண்டிய தேவையும் இல்லை. கடைசியில் வருவது சம்பந்தப்பட்டவன்தான். அவனைச் சார்புள்ளவன் என்று தள்ளினால் சொல்வதற்கு ஆளே மிஞ்சாது.

2014இல் தீர்ப்பு. முதல் எதிரி குற்றவாளி. 307 நிற்கவில்லை, ஆயுதத்தால் கொடுங்காயம் என்ற 326இல் மூன்று வருடம். (குற்றம் சாட்டப்பட்டவரை எங்கள் ஊர் நீதிமன்றத் தமிழில் எதிரி என்றுதான் எழுதுவார்கள். யாருக்கு எதிரி என்று கேட்கக்கூடாது.) 2, 3ஆம் எதிரிகள் விடுதலை. அ.சா.1 (சித்தப்பா), அ.சா.2 இருவரும் உறவினர் என்பதற்காக அவர்கள் சொன்னதை ஒதுக்க முடியாது, ஆனால் கூடுதல் கவனத்தோடு ஆராய வேண்டும் என்றும், மருத்துவரிடம் முதலில் சொன்ன "ஒருவர்" பிறகு மூவரானதற்குச் சரியான விளக்கம் இல்லை என்றும் நீதிபதி எழுதியிருந்தார். அதாவது என் வாய்ச்சொல்லில் பாதியை நம்பினார், பாதியைக் கழித்தார். எனக்கு அவமானமாக இருந்தது. ஒரே ஆள், ஒரே நாள், ஒரே கூண்டு. எப்படிப் பாதிப் பொய்யனாக இருக்க முடியும்?

மறுவருஷம் ஒருநாள் நண்பனின் அப்பாவிடம் இதைப் புலம்பினேன். தம்புச் செட்டித் தெருவில் மாடியறை ஒன்றில் நாற்பது வருஷமாகக் கிரிமினல் வழக்கு பார்த்தவர். தூசி படிந்த ரிப்போர்ட்டுகளுக்கு நடுவே உட்கார்ந்து என்னைக் கேட்டார்:

"உங்க சித்தப்பா மண்டையை உடைச்சவன விட்டுட்டு, சம்பந்தமில்லாத ஒருத்தன நீ காட்டிக் கொடுப்பியா?"

"எப்படி சார் கொடுப்பேன்?"

"அதான். சொந்தக்காரன் உண்மையான குற்றவாளியத் தப்பவிட்டு அப்பாவியக் கோத்துவிட மாட்டான். 1953லயே சொல்லிட்டாங்க, தலிப் சிங் கேஸு. ஆனா அந்தத் தீர்ப்ப எல்லாரும் அந்த வரியோட மூடிடுவானுங்க. அடுத்த வரியப் படிக்கணும்."

அடுத்த வரியை நான் பிற்பாடு தேடிப் படித்தேன். பஞ்சாபிலிருந்து வந்த அந்தக் கொலை வழக்கில் உச்ச நீதிமன்ற நீதிபதி விவியன் போஸ் எழுதியது. உறவினன் என்பதாலேயே பொய்யன் ஆகமாட்டான் என்பதைச் சொன்ன கையோடு, உணர்ச்சி கொதித்து, ஏற்கெனவே பகையும் இருந்தால், குற்றவாளியோடு சேர்த்துத் தனக்குப் பிடிக்காத ஓர் அப்பாவியையும் இழுத்துவிடுகிற போக்கு உண்டு என்கிறார். என் பைக் டேங்கின் நசுங்கலை அவர் எங்கிருந்து பார்த்தார் என்று தெரியவில்லை.

வக்கீல்கள் பேச்சில் இரண்டு சொற்கள் உண்டு: ரிலேட்டட் விட்னஸ், இன்ட்ரஸ்டட் விட்னஸ். வெளியாட்களுக்கு இரண்டும் ஒன்றாகத் தெரியும். ராஜஸ்தான் வழக்கொன்றில் 1981இல் உச்ச நீதிமன்றம் பிரித்துக் காட்டியது: உறவினர் வேறு, வழக்கின் முடிவால் ஆதாயம் அடைகிறவர் வேறு. வீட்டுக்குள் கொலை நடந்தால் மனைவிதான் பார்த்திருப்பாள். அவளைவிட இயல்பான சாட்சி யார்? இதற்கும் முந்தியது நம்ம ஊர் வழக்கு, வடிவேலு தேவர் எதிர் சென்னை மாநிலம், 1957. முத்துப்பேட்டையில் டீக்கடைக்காரர் ஒருவர் இரவில் கடை முன்னாலேயே கொல்லப்பட்டார். நம்பும்படியான ஒரே கண்கண்ட சாட்சி அவர் மனைவி. ஒருத்தி சொல்லை மட்டும் வைத்து, அதுவும் செத்தவனின் மனைவி சொல்லை வைத்து, தண்டிக்கலாமா? தண்டிக்கலாம் என்றது உச்ச நீதிமன்றம். எந்த ஒரு விஷயத்தையும் நிரூபிக்க இத்தனை சாட்சி வேண்டும் என்று கணக்கு இல்லை என்பது 1872ஆம் ஆண்டு சாட்சியச் சட்டத்தின் 134ஆம் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் நடப்பிலிருக்கும் பாரதிய சாக்ஷ்ய அதிநியமத்தில் 139. சாட்சிகளை எண்ணக்கூடாது, நிறுக்க வேண்டும்.

அந்தத் தீர்ப்பு சாட்சிகளை மூன்றாகப் பிரிக்கிறது. முழுக்க நம்பத்தக்கவர், முழுக்க நம்பத்தகாதவர், இரண்டிலும் சேராதவர். முதல் இருவகையில் நீதிபதிக்குக் கஷ்டமே இல்லை. மூன்றாவது ஆசாமி வந்தால்தான் வேறு ஆதாரத்தைத் தேட வேண்டும். "நீ மூணாவது ரகம்பா" என்றார் நண்பனின் அப்பா. "கோர்ட்டுக்கு வர்றவன்ல முக்கால்வாசி மூணாவது ரகம்தான். வருத்தப்படாத."

எப்படி நிறுக்கிறார்கள் என்று கேட்டேன். சாட்சியின் முகத்தைப் பார்த்து இல்லை என்று சிரித்தார். அவர் சொன்னதெல்லாம் கடிகார விஷயம். முதல் தகவல் அறிக்கை எத்தனை மணிக்குப் பதிவானது, அது மாஜிஸ்திரேட் கைக்கு எத்தனை மணிக்குப் போனது, சாட்சியின் வாக்குமூலம் என்றைக்குக் கோர்ட்டுக்கு வந்தது. இடையில் விழும் ஒவ்வொரு மணி நேரமும் உட்கார்ந்து பேசிப் பெயர் சேர்க்கக் கிடைத்த நேரம். காவலர்களைச் சந்திக்கும் முன்பே, யாரோடும் கலந்து பேசும் முன்பே, அவசரத்தில் டாக்டரிடம் சொன்ன ஒரு வரிக்கு அதனால்தான் அவ்வளவு மதிப்பு. என் விஷயத்தில் 10.20க்கு ஒருவர், ஒரு மணிக்கு மூவர். நடுவில் இரண்டு மணி நாற்பது நிமிடம், ஆஸ்பத்திரி வாசலில் சொந்தக்காரர்கள் கூட்டம், "அவனுங்க எல்லாரையும் உள்ள தள்ளணும்டா" என்று பெரியம்மா.

ஒரு சாட்சி ஒன்றில் பொய்யென்றால் எல்லாமே பொய் என்ற பழைய லத்தீன் வாசகம் இந்தியாவில் சட்டமில்லை. முறத்தில் போட்டுப் புடைத்து உமியைத் தள்ளி அரிசியை எடுத்துக்கொள்ள வேண்டும் என்பார்கள். பிரிக்கவே முடியாமல் கலந்திருந்தால்தான் மொத்தத்தையும் கொட்டுவார்கள். நியாயமான ஏற்பாடு என்றுதான் தோன்றும். எனக்கு ஒரு குறை உண்டு. புடைக்க ஒருவர் இருக்கிறார் என்று தெரிந்தால் உமியைக் கலப்பவனுக்குப் பயமே இருக்காது. மூன்று பேர் சேர்த்து எழுதுங்கள், இரண்டு பேர் விழுந்தாலும் ஒருவன் நிற்பான் என்று புகார் எழுதும்போதே கணக்குப் போடுவார்கள். உமியாகக் கழிக்கப்பட்டவன் அதற்குள் நான்கு வருஷம் வாய்தாவுக்கு அலைந்திருப்பான். அந்தத் தம்பி அம்பத்தூரில் ஒரு பட்டறையில் இருந்தான். வாய்தாவுக்கு லீவு போட்டுப் போட்டே வேலை போனது என்று தெருவில் சொன்னார்கள். பொய்ச் சாட்சிக்கு 193ஆம் பிரிவில் ஏழு வருடம் வரை தண்டனை இருந்தது. என்னை யாரும் கேட்கவில்லை. "பெனிஃபிட் ஆஃப் டவுட்" அவனுக்கு மட்டுமல்ல, எனக்கும் கிடைத்தது.

மனம் இப்படித்தான் வேலை செய்யும் என்று ஆராய்ச்சிக்காரர்கள் எப்போதோ காட்டிவிட்டார்கள். எலிசபெத் லாஃப்டஸ் 1974இல் வெளியிட்ட சோதனை பிரபலம். கார் விபத்துப் படம் காட்டி, ஒரு பகுதியினரிடம் "கார்கள் மோதியபோது", இன்னொரு பகுதியினரிடம் "மோதி நொறுங்கியபோது" என்ன வேகம் என்று கேட்டார்கள். ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று கேட்டபோது "நொறுங்கிய" சொல்லைக் கேட்ட 50 பேரில் 16 பேர் பார்த்ததாகச் சொன்னார்கள். "மோதிய" சொல்லைக் கேட்ட 50 பேரில் 7 பேர். படத்தில் உடைந்த கண்ணாடியே கிடையாது. ரைட்டரின் "அடிச்சானா, புடிச்சானா" அந்தக் கேள்வியைவிட எவ்வளவோ பலமானது. அவர் மூன்றாவது வழியே வைக்கவில்லை. இன்னொன்று 1954இல் வந்தது. அமெரிக்காவில் டார்ட்மத், பிரின்ஸ்டன் கல்லூரிகள் மோதிய ஒரு முரட்டுக் கால்பந்தாட்டத்தின் படத்தை இரண்டு கல்லூரி மாணவர்களுக்கும் காட்டினார்கள். டார்ட்மத் அணி செய்த தவறுகள் பிரின்ஸ்டன் மாணவர் கண்ணுக்கு இரு மடங்குக்கும் மேலாகத் தெரிந்தன. ஒரே படம். சேப்பாக்கத்தில் எல்பிடபிள்யூ அப்பீலுக்குக் கேலரி எழுந்து நிற்பதைப் பார்த்தவர்களுக்கு இதைச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

எங்கள் தாத்தா பாகவதர் பைத்தியம். லட்சுமிகாந்தன் வழக்கை வீட்டில் புராணம்போல் சொல்வார், சித்தப்பாவும் சொல்வார். எங்கள் தெருவிலிருந்து கொஞ்ச தூரத்தில், வேப்பேரியில், 1944 நவம்பரில் மஞ்சள் பத்திரிகைக்காரர் லட்சுமிகாந்தன் கத்திக்குத்துப்பட்டு மறுநாள் இறந்தார். எம்.கே.தியாகராஜ பாகவதருக்கும் என்.எஸ்.கிருஷ்ணனுக்கும் 1945இல் ஆயுள் தண்டனை. லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய்த் திரும்பி வந்து 1947இல் சென்னை உயர் நீதிமன்றத்தில் விடுதலை. அரசுத் தரப்புக்குத் தூணாக இருந்தவர்களில் ஒருவர் அப்ரூவர், அதாவது குற்றத்தில் கூட்டாளியாக இருந்து அரசுத் தரப்புச் சாட்சியாக மாறியவர். சார்பு என்றால் அதுதான் சார்பு. அடுத்தவனை மாட்டிவிட்டால் தன் கழுத்து தப்பும். உறவினர் சாட்சிக்கு இருப்பது பாசம். அப்ரூவருக்கு இருப்பது பேரம். பழைய சாட்சியச் சட்டமே இதில் தடுமாறியது. அப்ரூவர் சொல்லை மட்டும் வைத்துத் தண்டித்தாலும் சட்டவிரோதமில்லை என்றது ஒரு பிரிவு. வேறு ஆதாரம் துணை நிற்காவிட்டால் அவனை நம்பத் தகாதவனாகக் கொள்ளலாம் என்றது இன்னொரு பிரிவு. புதுச் சட்டத்தின் 138ஆம் பிரிவில் துணை ஆதாரம் உள்ள சாட்சியம் என்றே எழுதிவிட்டார்கள். பாகவதர் சிறைக்குள் போன குரலோடு வெளியே வந்தார், போன காலம் திரும்பவில்லை என்று தாத்தா சொல்வார். தாத்தாவும் சார்புள்ள சாட்சிதான்.

மெரினாவில் சிலம்போடு நிற்கும் கண்ணகியை இந்த வழக்குக்குப் பிறகு வேறு மாதிரிதான் பார்க்கிறேன். கோவலனைக் கொன்றது சிலம்பை அபகரித்திருந்த பொற்கொல்லனின் சொல், அப்ரூவரைவிட மோசமான சார்பு. கண்ணகி செத்தவனின் மனைவி. அவள் அழுததால் பாண்டியன் நம்பவில்லை, சிலம்பை உடைத்து மாணிக்கப் பரலைக் காட்டியதால் நம்பினான். ஆனால் எனக்கு அதிகம் உறுத்துவது அதே காப்பியத்தில் வரும் சின்னக் கதை ஒன்று. ஒருவன் தனக்குத் தெரியாத விஷயத்துக்குச் சாட்சி சொல்கிறான். அப்படிப்பட்டவர்களைத் தின்னும் பூதம் அவனைப் பிடிக்கிறது. அவன் தாய் கதறுகிறாள். அவனுக்குப் பதில் என் உயிரை எடுத்துக்கொள் என்று நடுவில் வந்து நிற்பவன் கோவலன். பூதம் ஒப்புக்கொள்ளவில்லை. செத்தவனின் குடும்பத்தைப் பல வருஷம் கோவலனே காப்பாற்றுகிறான். பொய்ச் சாட்சிக்காக உயிரைக் கொடுக்கத் துணிந்தவன் பொய்ப் பேச்சால் செத்தான். இளங்கோ இதை விளக்கவெல்லாம் இல்லை.

சரி, பரணுக்கு வருகிறேன்.

அந்த 11 வாக்கியங்களையும் ஒவ்வொன்றாகப் படித்தேன். சித்தப்பா குடித்திருந்தார் என்றால் சரியல்ல. தெருவிளக்கு எரியவில்லை என்றால் சரியல்ல. பைக் தகராறில் எனக்கும் 2ஆம் எதிரிக்கும் முன்விரோதம் உள்ளது என்றால் சரியல்ல. இங்கே கொஞ்சம் நிறுத்தினேன். இது பச்சைப் பொய். சொன்னதாகவே நினைவில்லை. அடுத்தது ஏழாவது: "2ஆம் எதிரி தன் அண்ணனைத் தடுப்பதற்காக அவர் கையைத்தான் பிடித்தார் என்றால் சரியல்ல."

இப்படி ஒரு கேள்வி கேட்டார்களா? எனக்குத் துளியும் ஞாபகமில்லை. எதைச் சொன்னாலும் இல்லை என்று சொல்லச் சொல்லியிருந்தார்கள், சொல்லியிருக்கிறேன்.

எழுந்து வராந்தாவுக்குப் போனேன். இப்போது கம்பி போட்டிருக்கிறோம், மற்றபடி அதே இடம். தெருமுனைத் தொட்டி தெரிகிறது. ஆட்களின் தலையும் தோளும் தெரியும். கையென்றால் ஏதோ கை, யாருடையது என்று தோளிலிருந்து பின்தொடர்ந்து பார்த்தால்தான் சொல்லலாம். படிகளை எண்ணினேன். 18. இறங்கும்போது நடுவில் சுவர், தெருவே தெரியாது. ஒரு கை இன்னொரு கையைப் பிடித்திருந்தது என்ற படம் இன்றும் மனசில் அப்படியே இருக்கிறது. அந்த இரண்டாவது கையில் பைப் இருந்ததா என்று உற்றுப் பார்க்கிறேன். இருப்பதாக நினைத்தால் இருக்கிறது. இல்லை என்று நினைத்தால் இல்லை.

சித்தப்பா 2019இல் போய்விட்டார். கேட்க ஆளில்லை. அவருக்கு அடி விழுந்த பிறகு அந்த ராத்திரியில் எதுவுமே நினைவில் இல்லை, அ.சா.1ஆக அவர் சொன்னதும் பாதிக்கு மேல் நான் வீட்டில் சொன்னதுதான்.

அந்தத் தம்பி இப்போது அயனாவரத்தில் தண்ணீர் கேன் போடுகிறான். அம்மாவுக்கும் அவன்தான் போடுகிறான், மூன்று வருஷமாக. எனக்கு முதலில் அது பிடிக்கவில்லை. "வேற யாரும் மாடி ஏத்தித் தரமாட்டாங்கடா" என்றாள் அம்மா. மறுநாள் காலை வந்தான். முன்தலை வழுக்கை விழுந்துவிட்டது. கேனைக் கவிழ்த்து வைத்துவிட்டுத் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தவனிடம், எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல், நேராகவே கேட்டுவிட்டேன். அன்னிக்கு ராத்திரி நீ யார் கையைப் பிடிச்சே?

அவன் என்னை ஒரு மாதிரி பார்த்தான். பிறகு சிரித்தான்.

"இப்ப கேக்குறியேண்ணா."

"இல்ல, தெரிஞ்சுக்கத்தான்."

"எங்கண்ணன் கையத்தான்னு வக்கீலு சொன்னாரு. நாலு வருசம் அதேதான் சொல்லிக்கினு இருந்தோம். இப்ப கண்ண மூடினா அப்டித்தான் தெரியுது." கொஞ்ச நேரம் வாசலையே பார்த்தான். "நெசமாவே புடிச்சேனா, சும்மா நின்னுக்கினு இருந்தேனான்னு கேட்டா… தெர்லண்ணா."

கீழே அவன் வண்டிக்குப் பின்னால் யாரோ ஹாரன் அடித்தார்கள்.

"காலி கேன எடுத்துக் குடுண்ணா" என்றான்.